'நாட்டில் எங்கே?'

பாலக்காடு, இடுக்கி எல்லையில் தலைமுறைகளாக வாழும் தமிழர்களிடம் கேட்கப்படும் இந்தக் கேள்வி வெறும் குசல விசாரிப்பு அல்ல

பாலக்காட்டிலிருந்து கிழக்கே பொள்ளாச்சிக்குக் கிளம்பும் பஸ்ஸில் மொழி ஒரே இடத்தில் மாறிவிடுவதில்லை. நகரத்தைத் தாண்டும்வரை கண்டக்டர், பயணிகள் எல்லோருமே மலையாளம். நெல்வயல்கள் குறைந்து பனைகளும் தென்னந்தோப்புகளும் செம்மண்ணும் தலைகாட்டும்போது பின் ஸீட்டில் யாரோ 'ஏனுங்க' என்கிறார்கள். கொழிஞ்சாம்பாறை வருவதற்குள் பாதி பஸ் கொங்குத் தமிழுக்கு மாறிவிடுகிறது. பாக்கிச் சில்லறையை மலையாளத்தில் கேட்கிறார்கள். வராவிட்டால் தமிழில் முணுமுணுக்கிறார்கள். மாநில எல்லைக்கு இன்னும் சில கிலோமீட்டர் பாக்கியிருக்கிறது.

சித்தூர் தாலுகாவின் இந்தக் கிழக்கு ஓரம் - வடகரப்பதி, எருத்தேம்பதி, வேலந்தாவளம், கோவிந்தாபுரம், மீனாட்சிபுரம் - கேரளம் என்றதும் மனதில் எழும் பச்சைப் படத்தோடு ஒட்டாத பூமி. மேற்குத் தொடர்ச்சி மலை விட்டுக்கொடுத்த கணவாய் வழியே வறண்ட காற்று வீசுகிறது. மழை குறைவு. ஆழியாற்றுத் தண்ணீர் எப்போது வரும் என்பதுதான் டீக்கடைகளில் முதல் பேச்சு. பரம்பிக்குளம் - ஆழியாறு ஒப்பந்தப்படி மணக்கடவு அணைக்கட்டில் ஆண்டுக்கு 7.25 டி.எம்.சி. கேரளத்துக்கு வரவேண்டும். அது வராத வருடங்களில் தமிழ்நாட்டு அரசை இங்கே உரக்கத் திட்டுகிறவர்கள் பெரும்பாலும் தமிழ் விவசாயிகள். திட்டுவதும் தமிழில்தான்.

பாலக்காடு ஒரு காலத்தில் சென்னை மாகாணத்தின் மலபார் ஜில்லாவில் இருந்தது; சித்தூர், கொச்சி மகாராஜாவின் சீமை. ராஜாக்கள் போய், ஜில்லாக்கள் மாறி, 1956 நவம்பர் 1ஆம் தேதி கேரளம் பிறந்தபோது இந்தக் கிராமங்கள் அதற்குள் இருந்தன. அதற்காக யாரும் மூட்டை கட்டிக்கொண்டு வரவில்லை. அப்பனும் பாட்டனும் உழுத அதே நிலத்தில் மறுநாள் காலையும் ஏர் பூட்டினார்கள். மலையாள மொழிக்குத் தந்தை என்று போற்றப்படும் எழுத்தச்சன் தம் கடைசிக் காலத்தைக் கழித்ததாகச் சொல்லப்படும் மடமும் இதே சித்தூரில், ஆற்றங்கரையில் இருக்கிறது. தாலுகாவின் ஒரு கோடியில் மலையாளத்தின் புண்ணிய ஸ்தலம், மறுகோடியில் மாரியம்மன் திருவிழா.

ஆனால் கொழிஞ்சாம்பாறைக்காரர் ஒருவர் பாலக்காட்டில் ஏதாவது ஒரு ஆபீஸ் கவுண்ட்டரிலோ ஆஸ்பத்திரி வரிசையிலோ வாய் திறந்தால் போதும், ஒரு கேள்வி நிச்சயம் வரும். பொள்ளாச்சியா, கோயம்புத்தூரா? இல்லை, இங்கேதான் என்பார். சரி, நாட்டில் எங்கே? இங்கேதான். அடுத்து ஒரு சின்ன மௌனம், ஒரு சிரிப்பு, 'மலையாளம் நன்றாகப் பேசுகிறீர்களே' என்று பாராட்டு. கேட்டவர் மனதில் துளியும் வன்மம் கிடையாது. பெரும்பாலும் நல்ல மனிதராகவே இருப்பார். எதிரில் நிற்பவரின் ரேஷன் கார்டும் வாக்காளர் அட்டையும் தம்முடைய அதே மாநிலத்தில் கொடுக்கப்பட்டவை என்பது அவருக்குத் தோன்றுவதே இல்லை, அவ்வளவுதான். இந்தப் பாராட்டை வாழ்நாளில் ஆயிரம் முறை வாங்கியவருக்கு அது எப்படி இருக்கும் என்றும் தோன்றுவதில்லை.

கேள்விக்கு அடுத்த படி ஒரு சொல். பாண்டி. தமிழ்நாட்டு நம்பர் பிளேட் போட்ட லாரி 'பாண்டி லாரி'. கண்ணைப் பறிக்கும் நிறத்தில் சட்டை போட்டால் 'பாண்டி' ரசனை. எண்ணெய் வழியத் தலைவாரி, நெற்றி நிறைய விபூதி பூசி, கறுத்துப் போயிருந்தால் 'பாண்டியைப் போல' என்பார்கள், சொல்லப்படுகிறவர் அசல் மலையாளியாகவே இருந்தாலும். மலையாள சினிமாவின் நகைச்சுவைக் காட்சிகள் பல பத்தாண்டுகளாக இந்தச் சொல்லுக்குத் தீனி போட்டு வந்திருக்கின்றன. 'அண்ணாச்சி'யும் அப்படித்தான். தென்தமிழ்நாட்டில் மரியாதைக்குரிய விளி. மலை தாண்டினால் மூட்டை தூக்குகிறவரையும் காய்கறி விற்கிறவரையும் அடையாளம் காட்டும் பட்டம்.

வேடிக்கை என்னவென்றால், கேரளத்தில் பாண்டி என்ற பெயர் மிக உயர்ந்த இடங்களிலும் உட்கார்ந்திருக்கிறது. திருச்சூர் பூரத்தில் இலஞ்சி மரத்தடியில் நூற்றுக்கணக்கான கலைஞர்கள் வாசிக்க, லட்சம் பேர் கை உயர்த்தித் தாளம் போடுகிறார்களே, அது பாண்டி மேளம். ஐயப்பன் வளர்ந்ததாக ஐதிகம் சொல்லும் பந்தளம் அரண்மனை தன்னைப் பாண்டிய வம்சம் என்று சொல்லிக்கொள்கிறது. பூஞ்ஞாறு ராஜ குடும்பமும் அப்படியே. அந்த ஊரில் மதுரை மீனாட்சிக்குக் கோயிலும் உண்டு. மலைக்குக் கிழக்கே இருப்பது பாண்டி நாடு என்ற வெறும் திசைப் பெயர் எந்தக் கட்டத்தில் வசையாக மாறியது? கிழக்கிலிருந்து ராஜாக்கள் வருவது நின்று கூலிகள் வர ஆரம்பித்தபோது என்று யூகிக்க அதிகப் புத்திசாலித்தனம் தேவையில்லை.

அதனால்தான் எல்லாத் தமிழர்களும் பாண்டிகள் ஆவதில்லை. பாலக்காடு நகரத்திலேயே, கல்பாத்தி ஆற்றங்கரை அக்கிரகாரங்களில் பல நூற்றாண்டுகளாகத் தமிழ் பேசி வாழும் பிராமணர்கள் இருக்கிறார்கள். இடையிடையே மலையாளம் புரளும் அவர்கள் தமிழை நாடகக்காரர்கள் கிண்டல் செய்யலாம். 'பட்டர்' என்ற சொல்லில் கொஞ்சம் கேலி ஒட்டிக்கொண்டிருப்பதும் வாஸ்தவம். ஆனால் கல்பாத்தித் தேர் கேரளத்தின் பெருமைகளில் ஒன்று, டி.என். சேஷன் பாலக்காட்டுக்காரர் என்று சொல்லிக்கொள்வதில் யாருக்கும் தயக்கமில்லை. அவர்களிடம் யாரும் 'நாட்டில் எங்கே' என்று கேட்பதில்லை. ஆக, பிரச்சினை மொழி மட்டுமல்ல. மொழி ஒரு அடையாளச் சீட்டு. அதைப் பார்த்து எதிராளி ஊகித்துக்கொள்வது நிறம், ஜாதி, தொழில்.

நிறத்தின் விஷயத்தில் கேரளம் தன்னைத்தானே கண்ணாடியில் பார்த்துக்கொண்ட ஒரு தருணம் 2025 மார்ச்சில் வந்தது. அப்போது மாநிலத்தின் தலைமைச் செயலாளராக இருந்த சாரதா முரளீதரன், அதே பதவியில் தமக்கு முன்பிருந்த கணவரின் நிர்வாகத்தோடு தம் நிர்வாகத்தை ஒருவர் வெள்ளை - கறுப்பு என்று ஒப்பிட்டதைப் பகிரங்கமாக எழுதினார். மாநிலத்தின் மிக உயர்ந்த அதிகாரிக்கே இந்த அனுபவம் என்றால், காலை பஸ்ஸில் கூடையுடன் ஏறும் வேலந்தாவளத்துப் பெண்ணைப் பற்றிச் சொல்லவேண்டாம்.

தமிழ்நாட்டுக்காரர்கள் இந்தக் கட்டத்தில் சிலிர்த்துக்கொள்வதற்கு முன், சித்தூருக்குப் பக்கத்தில் இருக்கும் வடவன்னூருக்கு ஒரு நடை போய் வரலாம். எம்.ஜி.ஆர். சிறுவயதில் வாழ்ந்த வீடு அங்கே நினைவில்லமாக இருக்கிறது. தமிழ்நாட்டு ரசிகர்கள் தேடி வந்து பார்க்கிறார்கள். மூன்று முறை முதலமைச்சராக்கிய அதே தமிழ்நாட்டில்தான் எதிரிகள் அவரை மேடைக்கு மேடை 'மலையாளி' என்று குத்திக் காட்டினார்கள். டீக்கடை நாயர், மாந்திரீகம் செய்யும் மலையாளத்தான், தமிழ்ப் படங்களில் முண்டும் ரவிக்கையுமாக வந்து போகும் சேச்சி - எல்லைக்கு இந்தப் பக்கத்துச் சரக்கும் மட்டமானதுதான்.

அதைவிடக் கசப்பான பாடம் கோவிந்தாபுரத்தில் இருக்கிறது. மாம்பழத்துக்குப் பேர்போன முதலமடை ஊராட்சியில், எல்லையை ஒட்டிய அம்பேத்கர் காலனி. இங்கே இருப்பவர்கள் சக்கிலியர் சமூகத்தினர். 2017 ஜூனில் இந்தக் காலனி திடீரென்று கேரளம் முழுக்கச் செய்தியானது. தண்ணீர் பிடிப்பதில் பாகுபாடு, டீக்கடையில் தனி கிளாஸ், கோயிலில் ஒதுக்கல் என்று புகார்கள். புகார் போனது மலையாளிகள் மீது மட்டுமல்ல. பெரும்பாலும், அதே தமிழைப் பேசும் ஆதிக்க ஜாதியினர் மீது. அரசியல் கட்சிகள் வந்தன, கமிஷன் வந்தது, சேர்ந்து சாப்பிடும் பந்திகள் நடந்தன. பாலக்காட்டில் 'பாண்டி' என்று அழைக்கப்படும் கவுண்டருக்கு அது வலிக்கிறது. ஊர் திரும்பியதும் அவர் வேறு ஒருவருக்கு அதையே செய்கிறார். இரண்டுக்கும் சம்பந்தம் உண்டென்று அவருக்கும் தோன்றுவதில்லை.

வாளையாறு வழியாக வடக்கே திரும்பினால் அட்டப்பாடி. தமிழுக்கு நெருங்கிய மொழி பேசும் இருளர்களின் மலை. 2018 பிப்ரவரி 22ஆம் தேதி மது என்ற பழங்குடி இளைஞரை, அரிசி திருடினார் என்று சொல்லி ஒரு கூட்டம் காட்டிலிருந்து பிடித்துவந்து, கட்டி, செல்ஃபி எடுத்துக்கொண்டு, அடித்தது. போலீஸ் ஜீப்பில் அவர் இறந்துபோனார். 2023 ஏப்ரலில் மண்ணார்க்காடு நீதிமன்றம் 14 பேரைக் குற்றவாளிகள் என்றது. 2025 டிசம்பரில் வாளையாறு அருகே அட்டப்பள்ளத்தில் சத்தீஸ்கரிலிருந்து வேலை தேடி வந்த ஒரு தொழிலாளியும் திருடன் என்ற சந்தேகத்தில் அடித்தே கொல்லப்பட்டார். அடிக்கும்போது, நீ பங்களாதேஷியா என்று கேட்டது வீடியோவில் பதிவானது. 'நாட்டில் எங்கே' என்ற கேள்வியின் கடைசிப் படி அது. அடித்தவர்கள் தங்களைச் சாதாரண ஊர்க்காரர்கள் என்றே நினைத்துக்கொண்டிருந்திருப்பார்கள்.

சித்தூரிலிருந்து இடுக்கி மாவட்டத்துக்குப் போக நேர்வழி தமிழ்நாடு. பொள்ளாச்சி, உடுமலைப்பேட்டை, அப்புறம் சின்னாறு செக்போஸ்ட். கேரளத்தின் ஒரு துண்டிலிருந்து இன்னொரு துண்டுக்குப் போக இரண்டு முறை எல்லை தாண்டவேண்டும். சின்னாற்றில் காட்டுத்துறை ஆட்கள் வண்டியை எட்டிப் பார்க்கிறார்கள். முட்புதர்க் காடு முடிந்து சாலை ஏறத் தொடங்கினால் கரும்புக் காடும் வெல்லம் காய்ச்சும் வாசனையும். மறையூர் வந்துவிட்டது.

மறையூரும் காந்தளூரும் சேர்ந்த பகுதிக்கு அஞ்சுநாடு என்று பெயர். மதுரைப் பக்கம் அரசியல் குழப்பம் மிகுந்த காலத்தில் மலையேறி வந்து குடியமர்ந்தவர்களின் சந்ததி என்று இங்குள்ள கிராமத்தார் சொல்கிறார்கள். மூணாறு என்ற ஊர் உருவாவதற்கு வெகு காலத்துக்கு முந்தைய சங்கதி அது. ஆனாலும் சுற்றுலாப் பயணிகளுக்கு இவர்களும் 'தமிழ்நாட்டிலிருந்து வந்தவர்கள்'.

இன்னும் மேலே, காரட்டும் பூண்டும் விளையும் படிக்கட்டு வயல்களுக்கு நடுவே வட்டவடை. இந்த ஊர் கேரளத்துக்கு இரண்டு செய்திகளைக் கொடுத்தது. 2018 ஜூலை 2ஆம் தேதி எர்ணாகுளம் மகாராஜாஸ் கல்லூரியில் குத்திக் கொல்லப்பட்ட மாணவர் அபிமன்யு வட்டவடைக்காரர். ஒற்றை அறை வீட்டில் வளர்ந்த தமிழ்த் தொழிலாளியின் மகன். உடலின் மீது விழுந்து தாய் அழுத அழுகை, 'நான் பெத்த மகனே', மலையாள எழுத்தில் மாநிலம் முழுவதும் சுவர்களில் எழுதப்பட்டது. அடுத்த வருடம் அதே பெயரில் ஒரு மலையாளப் படம் வந்தது. மொழிபெயர்க்கவேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. ஒரு தமிழ் ஒப்பாரியைக் கேரளம் தன் சொந்த அழுகையாக எடுத்துக்கொண்ட நாட்கள் அவை. முடியாதது அல்ல என்பதற்கு இதைவிட வேறு அத்தாட்சி வேண்டாம்.

இரண்டாவது செய்தி, சலூன். வட்டவடையில் சக்கிலியர்களுக்கு முடிவெட்ட மறுத்து வந்தார்கள். ஒரு முடிவெட்டுக்காகப் பல கிலோமீட்டர் போகவேண்டியிருந்தது. எதிர்ப்பு கிளம்பியபோது, எல்லோருக்கும் வெட்டுவதைவிடக் கடையை மூடுவதே மேல் என்றது ஒரு தரப்பு. கடைசியில் 2020 செப்டம்பரில் ஊராட்சியே ஒரு பொது முடிதிருத்தகத்தைத் திறந்தது. மறுத்தவர்கள், மறுக்கப்பட்டவர்கள் இரண்டு தரப்பும் தமிழர்கள். அபிமன்யுவுக்காகச் சேர்ந்து அழுத ஊர்.

மறையூரிலிருந்து மூணாறுக்குள் நுழையும்போது மலைகள் எல்லாம் சீராக வெட்டிய பச்சைக் கம்பளமாகிவிடுகின்றன. 1877இல் பூஞ்ஞாறு ராஜா கண்ணன் தேவன் மலைகளை ஜான் டேனியல் மன்றோ என்ற ஆங்கிலேயருக்குக் குத்தகைக்கு விட்டார். பாண்டிய வம்சம் என்று சொல்லிக்கொள்ளும் ராஜா கொடுத்த மலையில் காட்டை அழித்துத் தேயிலை நட, கங்காணிகள் பாண்டிச் சீமையிலிருந்து - திருநெல்வேலி, மதுரை, ராமநாதபுரம் - ஆட்களைக் கூட்டிவந்தார்கள். அவர்களில் பெரும்பாலோர் ஒடுக்கப்பட்ட ஜாதியினர். மலேரியாவும் அட்டையும் குளிரும் தின்றது போக மிஞ்சியவர்களின் நான்காவது, ஐந்தாவது தலைமுறை இன்று கொழுந்து எடுக்கிறது.

'லயம்' என்று அழைக்கப்படும் வரிசை வீடுகளில் அவர்கள் குடியிருப்பு. ஒரு அறை, ஒரு சமையலிடம், முன்னால் ஒரு சின்னத் திண்ணை. வீடு கம்பெனியுடையது. வேலையிலிருந்து ஓய்வு பெற்றால் காலி செய்யவேண்டும், அல்லது வீட்டில் வேறு யாராவது கம்பெனி வேலையில் இருக்கவேண்டும். நூறு வருடத்துக்கு மேல் ஒரே மலையில் வாழ்ந்தும் பல குடும்பங்களுக்கு அங்கே ஒரு சென்ட் நிலம் கிடையாது. ஆகவே கொஞ்சம் பணம் சேர்ந்தால் கயத்தாறிலோ சங்கரன்கோவில் பக்கமோ ஒரு வீட்டுமனை வாங்கிப் போடுகிறார்கள். உடனே, பார்த்தீர்களா, இவர்களுக்கு ஊர் அங்கேதான் என்று ஆகிவிடுகிறது. போக இடமில்லாததால் வாங்கிய மனை, வந்த இடத்துக்குச் சொந்தமில்லை என்பதற்குச் சாட்சியாகிறது.

இந்தத் தர்க்கம் இன்று நேற்றுப் பிறந்ததல்ல. 1950களில் தேவிகுளம், பீருமேடு தாலுகாக்களைத் தமிழ்நாட்டோடு சேர்க்கவேண்டும் என்று நேசமணி தலைமையில் திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் போராடியது. 1954 ஆகஸ்ட் 11ஆம் தேதி மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் துப்பாக்கிச்சூடு நடந்து தமிழர்கள் உயிரிழந்தார்கள். தேவிகுளத்தில் தமிழர்கள்தான் பெரும்பான்மை. ஆனால் தோட்டக்காட்டுக் கூலிகள் வந்து போகிறவர்கள், அவர்கள் தலையை எண்ணி எல்லை போட முடியாது என்ற வாதம் அப்போது வலுவாக வைக்கப்பட்டது. மாநிலச் சீரமைப்புக் கமிஷன் கன்னியாகுமரிப் பகுதியையும் செங்கோட்டையையும் சென்னைக்குக் கொடுத்து, இவ்விரண்டையும் மலையாள நாட்டிலேயே விட்டது. குளமாவது மேடாவது, எல்லாம் இந்தியாவில்தானே இருக்கிறது என்று காமராஜர் சொன்னதாக இன்றும் தமிழ்நாட்டில் குறைப்பட்டுக்கொள்கிறார்கள். மூணாறில் இன்று யாரும் எல்லையை மாற்றக் கேட்பதில்லை. கேரளத்தில் ரேஷனும் பள்ளிக்கூடமும் ஆஸ்பத்திரியும் மேல் என்று அவர்களே சொல்வார்கள். 'வந்து போகிறவர்கள்' என்ற பட்டத்தை மட்டும் எடுத்துவிட்டால் போதும்.

பட்டம் வெறும் பேச்சோடு நின்றால் பொறுத்துக்கொள்ளலாம். அது காகிதத்திலும் ஏறுகிறது. தாழ்த்தப்பட்டோர் பட்டியல் தொடர்பான குடியரசுத் தலைவரின் ஆணை 1950 ஆகஸ்ட் 10 தேதியிட்டது. அந்தத் தேதிக்கு முன்பே குடும்பம் கேரள மண்ணில் இருந்தது என்று நிரூபித்தால்தான் இங்கே ஜாதிச் சான்றிதழ். நிலமில்லாதவனிடம் பட்டா ஏது? எழுதப் படிக்கத் தெரியாத பாட்டி பிறந்த தேதியை எந்த ரிஜிஸ்தரில் தேடுவது? பழைய எஸ்டேட் பேரேட்டில் பெயர் இருந்தால் அதிர்ஷ்டம். மகளுக்குக் கல்லூரி சேர்க்கை நெருங்கும்போது தாலுகா ஆபீஸ் வராந்தாவில், எப்போது வந்தீர்கள் என்ற அதே கேள்வி, இந்த முறை முத்திரையோடு.

சட்டமன்ற உறுப்பினரும் இதற்கு விலக்கல்ல. தேவிகுளம் தனித் தொகுதியில் 2021இல் மார்க்சிஸ்ட் கட்சியின் ஏ. ராஜா வென்றார். தமிழில் பதவிப் பிரமாணம் எடுத்தார். வாசகத்தின் தமிழ் மொழிபெயர்ப்பில், உறுதி கூறுகிறேன் என்ற பகுதியே விட்டுப்போயிருந்தது பிறகு தெரிந்து, சில நாட்கள் கழித்து இரண்டாவது முறை எடுக்கவேண்டியதாயிற்று. தப்பு அவருடையதல்ல. 2023 மார்ச்சில் கேரள உயர் நீதிமன்றம் அவர் தேர்தலையே செல்லாது என்றது. அவர் இந்துவா, கிறிஸ்தவரா என்பதோடு, முன்னோர்கள் 1950க்கு முன் கேரளத்தில் குடியேறினார்களா என்பதும் வழக்கில் ஒரு முக்கிய விவாதம். 2025 மே 6ஆம் தேதி உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை ரத்து செய்தது. பதவிக்காலத்தில் பெரும்பகுதி இதிலேயே போய்விட்டது.

கேரளத்தில் சட்டம் மோசமாக இல்லை என்பதையும் சொல்லியாகவேண்டும். 1969ஆம் ஆண்டின் ஆட்சிமொழிச் சட்டம் தமிழ், கன்னடச் சிறுபான்மையினர் தங்கள் மொழியிலேயே அரசுக்கு எழுதலாம், பதிலும் அந்த மொழியில் வரவேண்டும் என்கிறது. பல மாநிலங்களில் இல்லாத தாராளம். தமிழ்வழிப் பள்ளிகளும் இருக்கின்றன. ஆனால் மனு கொடுக்கிறவர், தமிழில் எழுதினால் கட்டு அடியில் போய்விடும் என்று நினைத்து, யாரையாவது பிடித்து மலையாளத்தில் எழுதி வாங்கிக்கொண்டு போகிறார். உரிமை சட்டப் புத்தகத்தில் பத்திரமாக இருக்கிறது.

2015 செப்டம்பரில் இந்தப் பெண்கள் மூணாறு சாலையில் உட்கார்ந்தபோது கேரளம் முதன்முறையாக அவர்கள் முகத்தை நேராகப் பார்த்தது. போனஸ் 20 சதவீதத்திலிருந்து 10 சதவீதமாகக் குறைந்ததுதான் பொறி. தினக்கூலி 232 ரூபாய். 2005இலிருந்து கம்பெனியில் தொழிலாளர்களும் பங்குதாரர்கள் என்பது கணக்குப் புத்தகத்தின் அழகு. ஆயிரக்கணக்கான பெண்கள் ஒன்பது நாள் ஊரை நிறுத்தினார்கள். தொழிற்சங்கத் தலைவர்களை, எல்லாக் கொடிகளையும், கிட்டே சேர்க்கவில்லை. தங்களை 'பொம்பிளை ஒருமை' என்று அழைத்துக்கொண்டார்கள். முதல் சொல் மலைக்குக் கிழக்கே பிறந்தது, ஒற்றுமை என்ற பொருளில் இரண்டாவது சொல் மேற்கே. 20 சதவீதம் கிடைத்தது. ஆனால் நடுவில், இவர்களுக்குப் பின்னால் தமிழ்த் தீவிரவாதிகள் இருக்கிறார்கள் என்ற கிசுகிசுவும் கிளம்பியது. படிக்காத தமிழ்ப் பெண்கள் தாங்களாக யோசித்து ஒரு போராட்டம் நடத்தியிருக்க முடியும் என்பதை நம்புவது பலருக்குக் கஷ்டமாக இருந்தது. 2017 ஏப்ரலில் அமைச்சர் எம்.எம். மணி அந்தப் போராட்டத்தைப் பற்றிப் பேசியது பெண்களை இழிவுபடுத்துவதாக எதிர்ப்பு கிளம்பியது. கோமதியும் தோழிகளும் மீண்டும் தெருவில் உட்கார்ந்தார்கள். பேச்சு திரிக்கப்பட்டது என்றார் அமைச்சர். பிறகு வருத்தம் தெரிவித்தார்.

2020 ஆகஸ்ட் 6ஆம் தேதி இரவு. ராஜமலைக்கு அப்பால் பெட்டிமுடியில் மலை சரிந்து லயங்களின் மீது விழுந்தது. மின்சாரம் இல்லை, தொலைபேசி இல்லை. வெளியுலகுக்குத் தெரிய விடியவேண்டியிருந்தது. 2018 வெள்ளத்தில் உடைந்த பெரியவாரைப் பாலத்துக்குப் பதிலாகப் போட்ட தற்காலிகப் பாலமும் போய்விட்டதால் ஆம்புலன்ஸ்கள் தயங்கி நின்றன. 66 உடல்கள் கிடைத்தன; நான்கு பேர் கிடைக்கவே இல்லை. இறந்த எழுபது பேரும் தேயிலைத் தொழிலாளர்களும் அவர்கள் வீட்டாரும். பலருக்குக் கயத்தாறில் உறவு.

மறுநாள் இரவே கோழிக்கோடு கரிப்பூர் விமான நிலையத்தில் துபாயிலிருந்து வந்த விமானம் ஓடுதளத்தைத் தாண்டி விழுந்தது. அடுத்த நாள் முதலமைச்சரும் ஆளுநரும் அங்கே போனார்கள். இறந்தவர்கள் குடும்பத்துக்கு மாநில அரசு 10 லட்சம் அறிவித்தது. பெட்டிமுடிக்கு அறிவித்தது 5 லட்சம். அங்கே அவர்கள் வந்தது 13ஆம் தேதி. மழையும் பாதையும் காரணம், 5 லட்சம் முதற்கட்ட உதவிதான் என்று அரசு தரப்பில் விளக்கினார்கள். விளக்கம் பொய் என்று சொல்வதற்கில்லை. ஆபீஸில் உட்கார்ந்து யாரும், தமிழன் உயிருக்குப் பாதி விலை என்று கணக்குப் போட்டிருக்கமாட்டார்கள். ஆனால் இரண்டு எண்களும் ஒரே பத்திரிகையின் ஒரே பக்கத்தில் வந்தபோது, மூணாறில் ஒருவருக்கும் அதைக் கூட்டிக் கழித்துப் பார்க்க அவகாசம் தேவைப்படவில்லை. வாழ்நாள் முழுக்கக் கேட்ட கேள்விக்கான விடை அங்கே ரூபாயில் அச்சாகியிருந்தது.

மூணாறிலிருந்து தெற்கே, சாந்தன்பாறை, உடும்பஞ்சோலை, வண்டன்மேடு என்று ஏலக்காய்க் காடுகள். இங்கே விஷயம் வேறு. இந்தக் காடுகளில் வேலை செய்கிற பெண்களில் பலர் உண்மையிலேயே தினமும் வந்து போகிறவர்கள். விடிவதற்கு முன்பே தேவாரம், கம்பம், போடி தெருக்களில் ஜீப்புகள் ஹாரன் அடிக்கும். தூக்குவாளியோடு ஏறி, போடிமெட்டு, கம்பம்மெட்டு, குமுளி வழியாக மலையேறி, மாலையில் திரும்புவார்கள். மேலே மலையாளி முதலாளியின் ஏலத்தை அவர்கள் பறிக்கிறார்கள். அது புற்றடியிலும் ஏலம் போகிறது, போடிநாயக்கனூரிலும் ஏலம் போகிறது. ஒருவர் இல்லாமல் மற்றவர் ஒரு வாரம் தாங்கமாட்டார்கள்.

அது 2011 டிசம்பரில் நிரூபணமானது. முல்லைப் பெரியாறு விவகாரம் கொதித்து, குமுளி எல்லை மூடியது. ஏலத்தோட்டங்களில் தங்கியிருந்த தமிழ்த் தொழிலாளர்கள் மிரட்டப்பட்டு, குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு காட்டுப்பாதை வழியாக நடந்தே தேனி மாவட்டத்துக்கு இறங்கினார்கள். கீழே தமிழ்நாட்டில் மலையாளிகளின் கடைகள் தாக்கப்பட்டன. அதுவரை 'அக்கா' என்றும் 'சேட்டா' என்றும் கூப்பிட்டுக்கொண்டிருந்தவர்கள் ஒரே வாரத்தில் பாண்டியும் மலையாளத்தானும் ஆனார்கள். ஏலக்காய் செடியிலேயே கிடந்தது. சில வாரங்களில் ஜீப்புகள் மறுபடி ஹாரன் அடித்தன.

இப்போது இந்தத் தோட்டங்களில் ஜார்க்கண்டு, அஸ்ஸாம், மத்தியப் பிரதேசத்து இளைஞர்களும் தென்படுகிறார்கள். அரசாங்க மொழியில் அவர்கள் 'விருந்தினர் தொழிலாளர்கள்'. தெரு மொழியில், எந்த மாநிலத்துக்காரராக இருந்தாலும், 'பெங்காலி'. கம்பத்திலிருந்து ஜீப்பில் வரும் பெண்களும் அப்படித்தான் சொல்கிறார்கள். கீழே திருப்பூரில் அதே இளைஞர்களுக்குப் பெயர் 'வடக்கன்'.

ராஜமலையில் வரையாடு பார்க்க வருகிற கூட்டத்துக்கு வருடத்தில் அநேக மாதங்கள் குறைவில்லை. டிக்கெட் வாங்கி, வனத்துறை பஸ்ஸில் ஏறி, ஆட்டோடு போட்டோ எடுத்துக்கொண்டு திரும்புகிறார்கள். அந்தப் பக்கத்திலேயே, பெட்டிமுடியில் இறந்தவர்களைச் சேர்த்துப் புதைத்த மைதானம் இருக்கிறது. ஒவ்வொரு ஆகஸ்ட் 6ஆம் தேதியும் உறவினர்கள் வருகிறார்கள். மூணாறின் மற்ற எஸ்டேட்டுகளிலிருந்தும், கயத்தாறிலிருந்தும். அது மழைக்காலம், பெரும்பாலும் குடை பிடித்தபடிதான் மெழுகுவர்த்தி ஏற்றவேண்டியிருக்கும்.